திரைக்குள் ஓர் ஊர் – 14: தொட்டில் ஆடாத வீடு

‘தி சிம்ஸ் 4’ விளையாடுகிறவர்களிடமிருந்து வாரம் தவறாமல் வரும் கேள்வி ஒன்று உண்டு. “ரெண்டு பேருக்கும் கல்யாணம் பண்ணி வெச்சாச்சு. சொந்த வீடு, நல்ல வேலை, ஒருத்தர் மேல ஒருத்தர் உயிரா இருக்காங்க. குழந்தை மட்டும் பிறக்க மாட்டேங்குது. என்ன பண்றது?” பல கடிதங்களின் கடைசியில் இன்னொரு வரியும் இருக்கும்: “கேமையே அழிச்சிட்டு மறுபடி இன்ஸ்டால் பண்ணியும் பார்த்துட்டேன்.”

அந்தக் கடைசி வரியிலிருந்தே தொடங்குகிறேன். அழித்துவிட்டு மறுபடி நிறுவுவதில் மணிக்கணக்கில் நேரமும் டேட்டாவும் போகும். குழந்தை விஷயத்தில் பெரும்பாலும் ஒன்றும் மாறாது. ‘சிம்ஸ் 4’ கம்ப்யூட்டரில் இரண்டு இடங்களில் இருக்கிறது. கேமின் புரோகிராம் ஓரிடம். நீங்கள் உருவாக்கிய மனிதர்கள், சேவ் செய்த கதைகள், மாற்றிய செட்டிங்குகள், வெளியிலிருந்து இறக்கிச் சேர்த்த மோட்கள் எல்லாம் இருப்பது வேறிடம்: ‘டாக்குமென்ட்ஸ்’ ஃபோல்டரில் ‘எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ்’, அதற்குள் ‘தி சிம்ஸ் 4’. அன்இன்ஸ்டால் செய்தால் முதல் இடம்தான் காலியாகும். இரண்டாவது அப்படியே இருக்கும். புதிதாக நிறுவிய கேம் திறந்ததும் அந்தப் பழைய ஃபோல்டரைத்தான் படிக்கும். கோளாறு அங்கே இருந்தால் அதுவும் சேர்ந்தே வந்துவிடும். புரோகிராமில்தான் பழுது என்ற சந்தேகம் இருந்தால்கூட ஈ.ஏ. ஆப்பில் இருக்கும் ‘ரிப்பேர்’ போதும்.

காரணமே இல்லாமல் குழந்தை பிறக்காமல் போவது இந்த விளையாட்டில் கிடையாது. யாரோ ஒருவர் எழுதிய விதி தடுக்கிறது, அல்லது நாம் மாற்றிய செட்டிங் தடுக்கிறது, அல்லது நாம் கொண்டுவந்து போட்ட ஒரு கோப்பு தடுக்கிறது. இந்த மூன்றையும் இதே வரிசையில் பார்க்க வேண்டும் என்பதுதான் என் வாதம். பலர் கடைசியிலிருந்து தொடங்கித் தவிக்கிறார்கள்.

விதிகளைப் பற்றிப் பேசும்முன் ஒன்றைத் தெளிவாக்க வேண்டும். சிம்ஸில் குழந்தை பிறக்கும் முறை பாகத்துக்குப் பாகம் மாறியிருக்கிறது. ஒரு பாகத்துக்குச் சொன்ன யோசனையை இன்னொரு பாகத்தில் செய்து பார்த்துவிட்டு ஏமாந்துபோகிறவர்கள் அதிகம்.

முதல் ‘தி சிம்ஸ்’ 2000 பிப்ரவரி 4 அன்று வெளியானது. அதை வடிவமைத்த வில் ரைட்டின் வீடு 1991 அக்டோபரில் ஓக்லண்ட் மலைப்பகுதியில் பரவிய பெருந்தீயில் எரிந்துபோனதையும், மறுபடி ஒரு குடித்தனத்தை முதலிலிருந்து அமைக்க வேண்டிவந்த அந்த அனுபவம் இந்த விளையாட்டுக்கு வித்தானதையும் முன்பே பார்த்தோம். அந்த முதல் பாகத்தில் கர்ப்பம் என்ற ஒன்றே கிடையாது. ஆணும் பெண்ணும் முத்தமிட்டுக்கொள்வார்கள். குழந்தை பெற்றுக்கொள்ளலாமா என்று திரையில் ஒரு கேள்வி வரும். சரி என்றால் தொட்டில் வந்து நிற்கும். மூன்று நாள் அந்தக் குழந்தையைக் கவனமாகப் பார்த்துக்கொள்ள வேண்டும். தவறினால் சமூக நலப் பணியாளர் வந்து எடுத்துப் போய்விடுவார். மூன்று நாள் தாண்டினால் ஒரேயடியாகப் பள்ளிக்கூடம் போகும் பிள்ளையாகிவிடும். அதன் பிறகு வளராது. அந்த ஊரில் பிள்ளைகள் என்றைக்கும் பிள்ளைகளே.

2004 செப்டம்பரில் வந்த ‘சிம்ஸ் 2’ இதைத் தலைகீழாக மாற்றியது. மரபணு வந்தது. அப்பாவின் மூக்கும் அம்மாவின் கண்ணும் குழந்தைக்கு வரத் தொடங்கின. மூன்று நாள் கர்ப்பம் வந்தது; வயிறு தெரிந்தது. கரு தங்கிவிட்டால் தாலாட்டுபோல் ஒரு சிறிய இசை ஒலிக்கும். பல வருடம் விளையாடியவர்கள் இன்றும் அந்த இசையைக் காதில் வைத்திருக்கிறார்கள். சிம்கள் என்று அழைக்கப்படும் அந்த மனிதர்கள் வளர்ந்து, முதிர்ந்து, இறக்கவும் செய்தார்கள். அப்போதுதான் வம்சம் என்ற எண்ணமே விளையாட்டுக்குள் நுழைந்தது. ஒரே குடும்பத்தைப் பத்துத் தலைமுறை நடத்திக் காட்டும் ‘லெகஸி சேலஞ்ச்’ என்ற சவாலை ரசிகர்களே உருவாக்கியது இந்தக் காலத்தில்தான். குழந்தை பிறக்காவிட்டால் சவால் அத்தோடு முடிந்தது. இன்று எனக்கு வரும் கடிதங்களின் பதற்றத்துக்கு வேர் அங்கே இருக்கிறது.

2009 ஜூனில் ‘சிம்ஸ் 3’. கர்ப்பிணி ஆப்பிள் சாப்பிட்டால் ஆண் குழந்தை, தர்பூசணி சாப்பிட்டால் பெண் குழந்தை என்ற விதி இதில்தான். அதை நம்பி ‘சிம்ஸ் 4’இல் ஆப்பிளாக ஊட்டிக்கொண்டிருக்கிறவர்கள் இருக்கிறார்கள். நான்காம் பாகத்தில் அந்த இடம் கேரட்டுக்கும் ஸ்ட்ராபெரிக்கும் போய்விட்டது. இவை எல்லாமே என்ன குழந்தை என்பதைத்தான் மாற்றும். குழந்தை உண்டா இல்லையா என்பதை மாற்றாது.

2014 செப்டம்பரில் வந்த ‘சிம்ஸ் 4’ குழந்தை விஷயத்தில் பின்வாங்கிய பாகம் என்பது என் உறுதியான கருத்து. நடை பழகும் குழந்தைகளே இல்லாமல் அதை வெளியிட்டார்கள். தொட்டிலில் கிடந்த குழந்தை நேராகப் பள்ளிச் சிறுவனானது. ரசிகர்கள் கொதித்துப்போனார்கள். 2017 ஜனவரியில் இலவச அப்டேட்டாக நடை பழகும் பருவம் வந்தது. தவழும் பருவம் வர 2023 மார்ச் ஆயிற்று. இதற்கிடையில் 2022 அக்டோபரில் அடிப்படை கேம் எல்லோருக்கும் இலவசமானது. காசு கொடுத்து வாங்க முடியாத கல்லூரி மாணவர்களும் அதன்பின் உள்ளே வந்தார்கள். எனக்கு எழுதுகிறவர்களில் பலர் இப்படி வந்தவர்களே. ஆகவே இனி நான் சொல்வது ‘சிம்ஸ் 4’க்கு.

முதலில், எதைச் சொடுக்குகிறீர்கள் என்று பாருங்கள். ‘வூஹூ’ என்று ஒரு தேர்வு இருக்கிறது. ‘டிரை ஃபார் பேபி’ என்று இன்னொன்று இருக்கிறது. கட்டிலில் நடக்கும் காட்சி இரண்டிலும் ஒன்றுபோலவே இருப்பதால் புதியவர்கள் குழம்பிவிடுகிறார்கள். முதலாவதை எத்தனை முறை சொடுக்கினாலும் கரு தங்காது. இரண்டாவதைத்தான் சொடுக்க வேண்டும். அதிலும் ஒவ்வொரு முறையும் பலிக்கும் என்ற உத்தரவாதமில்லை. உள்ளே ஒரு வாய்ப்புக் கணக்கு ஓடுகிறது. பரிசுப் புள்ளிகளைச் சேர்த்து ‘ஃபெர்டைல்’ என்ற குணத்தை வாங்கிக் கொடுத்தால் அந்த வாய்ப்பு கூடும். இரட்டைக் குழந்தைக்கான வாய்ப்பும் கூடும். நீங்கள் நடத்தும் வீட்டில் உள்ளவர்கள் தாங்களாகவே பிள்ளை பெற்றுக்கொள்ள முடிவெடுக்கமாட்டார்கள். கல்யாணம் செய்துவைத்துவிட்டு அவர்கள் போக்கில் விட்டால் காலம் முழுக்க சமைத்து, சாப்பிட்டு, டி.வி. பார்த்துக்கொண்டே இருப்பார்கள்.

‘டிரை ஃபார் பேபி’ என்ற தேர்வே பட்டியலில் வரவில்லை என்றால் அது வேறு சங்கதி. அங்கே ஒரு விதி வழியை மறிக்கிறது. வயதைப் பாருங்கள். இளைஞர், நடுவயதினர் இருவருக்கும் தடையில்லை. முதுமை எட்டிய பெண் கருத்தரிக்க முடியாது. முதுமை எட்டிய ஆண் தந்தையாகலாம். நெருங்கிய உறவுகளுக்குள் தேர்வு வராது. காதல் பட்டை போதுமான அளவு நிரம்பாவிட்டாலும் வராது. ‘சர்வோ’ என்ற இயந்திர மனிதனைக் கட்டிக்கொடுத்திருந்தால் உயிரியல் வழியில் குழந்தைக்கு வாய்ப்பே இல்லை. ரத்தக்காட்டேரிக்கும் வேற்றுக்கிரகவாசிக்கும் அந்தத் தடை கிடையாது.

பலரும் தவறவிடுவது தலைக்கணக்கை. ஒரு வீட்டில் எட்டுப் பேருக்கு மேல் இருக்க முடியாது. எட்டு நிரம்பிவிட்டால் தேர்வு கிடைக்காது. “எங்க வீட்டில் ஆறு பேர்தானே இருக்காங்க” என்று எழுதுகிறவர்கள் நாயையும் பூனையையும் எண்ணுவதில்லை. ‘சிம்ஸ் 4’ எண்ணுகிறது. நாய், பூனை, குதிரை மூன்றும் அந்த எட்டுக்குள்ளேயே வரும். பசுவும் கோழியும் கணக்கில் வராது. நூறு குழந்தை பெறும் சவாலை விளையாடுகிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். பெரிய பிள்ளைகளை ‘மேனேஜ் ஹவுஸ்ஹோல்ட்ஸ்’ வழியாகத் தனிக்குடித்தனம் அனுப்பிவிட்டுத்தான் அடுத்த குழந்தையைப் பற்றி யோசிப்பார்கள்.

இதெல்லாம் சரியாக இருந்தும் தேர்வு வரவில்லையென்றால் செட்டிங்குக்குப் போக வேண்டும். 2016 ஜூனில் வந்த அப்டேட் ஒவ்வொரு சிம்முக்கும் சில கேள்விகளைச் சேர்த்தது. இவரால் கருத்தரிக்க முடியுமா? இவரால் மற்றவரைக் கருத்தரிக்கச் செய்ய முடியுமா? இரண்டும் இல்லையா? பாலினம் எதுவானாலும் இதை நாமே தேர்ந்தெடுக்கலாம். சிம்மை உருவாக்கும்போது அவசரத்தில் ‘இரண்டும் இல்லை’ என்பதைத் தொட்டிருப்போம். நாம் மாற்றும்வரை அது அப்படியே உட்கார்ந்திருக்கும். மற்றவர்கள் பகிரும் கேலரியிலிருந்து இறக்கிய சிம் என்றால் உருவாக்கியவர் எதை வைத்திருந்தாரோ அதுதான் வரும். பிறகு மாற்ற வேண்டுமென்றால் கண்ட்ரோல், ஷிஃப்ட், சி மூன்றையும் சேர்த்து அழுத்திச் சீட் பெட்டியைத் திறந்து, ‘டெஸ்டிங்சீட்ஸ் ட்ரூ’, ‘காஸ் டாட் ஃபுல்எடிட்மோட்’ இரண்டையும் ஆங்கிலத்தில் தட்டிவிட்டு, ஷிஃப்ட்டை அழுத்திக்கொண்டு சிம்மைச் சொடுக்கினால் ‘மாடிஃபை இன் காஸ்’ வரும். இருவருக்குமே பார்க்க வேண்டும். ஒருவரால் கருத்தரிக்கவும் மற்றவரால் கருத்தரிக்கச் செய்யவும் முடிந்தால்தான் கணக்கு சேரும்.

இருவருக்குமே என்று நான் அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. எனக்கு வரும் கடிதங்களில் முக்கால்வாசி, “இந்தப் பெண்ணுக்கு என்ன பிரச்சினை?” என்றே தொடங்குகின்றன. கல்யாணமாகி ஆறு மாதம் ஆவதற்குள் “விசேஷம் ஏதும் உண்டா?” என்று பெண்ணை மட்டும் நிறுத்திவைத்துக் கேட்கிற பழக்கம் நம்மிடம் அவ்வளவு ஊறிப்போயிருக்கிறது. நிஜத்தில் அந்தக் கேள்வியைத் தாங்கி நின்ற பெண்களை எனக்குத் தெரியும். கணவன் பரிசோதனைக்கே வர மறுத்த வீடுகளையும் தெரியும். பொம்மை உலகத்திலாவது நம் கண் முதலில் இருவர் பக்கமும் போகட்டும். கேமின் விதி அப்படித்தான் எழுதப்பட்டிருக்கிறது.

அந்த விதிகள் எழுதப்பட்ட கதையில் ஒரு பகுதியை இங்கே சொல்லியாக வேண்டும். 1998இல், ‘தி சிம்ஸ்’ஐ உருவாக்கிய மேக்சிஸ் நிறுவனத்தில் புதிதாகச் சேர்ந்த பேட்ரிக் பாரெட் என்ற புரோகிராமரிடம் சிம்களின் பழக்கவழக்கங்களை எழுதும் வேலை தரப்பட்டது. அவர் கையில் கிடைத்தது பழைய வடிவமைப்பு ஆவணம். ஒரே பாலினத்தவர் காதலிக்கலாம் என்று அதில் இருந்தது. பிறகு குழு அதைக் கைவிட முடிவெடுத்திருந்தது அவருக்குத் தெரியாது. ஆவணத்தில் இருந்தபடியே எழுதிவிட்டார். 1999இல் லாஸ் ஏஞ்சலஸில் நடந்த இ3 வீடியோ கேம் கண்காட்சியில் ஒரு கல்யாணக் காட்சியை ஓடவிட்டபோது, யாரும் சொல்லாமலே இரண்டு பெண் சிம்கள் முத்தமிட்டுக்கொண்டன. கூட்டம் அந்த விளையாட்டைத் திரும்பிப் பார்த்தது. விதி அப்படியே நிலைத்தது. காதலுக்கு 2000இலேயே தடை இல்லாமல் போய்விட்டது. ஆனால் ஒரே பாலினத் தம்பதிகளுக்கு, கருத்தரிப்புச் செட்டிங்கை மாற்றாமலே இருவரின் சாயலோடும் ஒரு குழந்தை என்பது ‘சிம்ஸ் 4’இல் வழக்கமான ஒரு தேர்வாக வர 2023 ஆகவேண்டியிருந்தது. ‘சயின்ஸ் பேபி’ என்ற அந்த வழி தவழும் குழந்தைகளோடு சேர்ந்து அடிப்படை கேமுக்குள் வந்தது. ஆகவே, “ரெண்டு பேரும் பெண்கள், தேர்வே வரலை” என்று எழுதியவர்களுக்கு என் பதில்: கட்டிலைச் சொடுக்கிக்கொண்டிருக்காமல் ‘சயின்ஸ் பேபி’யைத் தேடுங்கள். தத்தெடுக்கும் வழியும் எல்லோருக்கும் திறந்தே இருக்கிறது.

இனி மூன்றாவது காரணம். தேர்வு வருகிறது, சொடுக்கவும் செய்கிறீர்கள், கட்டிலிலும் எல்லாம் நடக்கிறது, ஆனால் டெஸ்ட் எடுத்தால் ஒவ்வொரு முறையும் இல்லை என்றே வருகிறது. இங்கேதான் மோட்களைச் சந்தேகப்பட வேண்டும்.

மதுரையில் படிக்கும் அக்கா மகள் விடுமுறைக்கு வந்திருந்தபோது லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தாள். பத்துத் தலைமுறை சவால், ஆறாவதில் நிற்கிறாள்.

“சித்தி, எல்லாம் சரியாத்தான் இருக்கு. டெஸ்ட்ல மட்டும் இல்லைன்னே வருது. இவ வயசாகிப் போயிடுவாளோன்னு பயமா இருக்கு.”

“எத்தனை பேர் வீட்டில?”

“நாயோட சேர்த்து அஞ்சு.”

“கர்ப்ப செட்டிங் பார்த்தியா? ரெண்டு பேருக்கும்?”

“பார்த்துட்டேன் சித்தி. ரெண்டு பேருக்கும் சரியா இருக்கு.”

முதலில் ‘சேவ்ஸ்’ ஃபோல்டரை அப்படியே நகலெடுத்து வேறிடத்தில் வைக்கச் சொன்னேன். ஆறு தலைமுறை உழைப்பு அதற்குள் இருக்கிறது. பிறகு கேமை மூடிவிட்டு, ‘மோட்ஸ்’ ஃபோல்டரை டெஸ்க்டாப்புக்கு இழுத்துவிட்டு, ‘லோக்கல்தம்ப்கேஷ்’ என்ற பெயருள்ள ஒற்றைக் கோப்பை அழிக்கச் சொன்னேன். அது கேம் தானே மறுபடி உருவாக்கிக்கொள்ளும் தற்காலிகக் கோப்பு, அழிப்பதில் பயமில்லை. கேமைத் திறந்தாள். தலைமுடி வழுக்கையாகவும் சோபா காணாமலும் வந்ததைப் பார்த்துக் கொஞ்சம் கலங்கினாள். மோட் வழியாக வந்த முடியும் சோபாவும் மோட் இல்லாதபோது தெரியாது, திரும்ப வைத்தால் வந்துவிடும் என்று சொல்லித் தேற்றினேன். ஆனால் அந்த நிலையில் பழைய சேவ் மேல் சேவ் செய்துவிடக் கூடாது. செய்வதானால் புதுப் பெயரில். கட்டில், பிறகு டாய்லெட், பிறகு டெஸ்ட். இந்த முறை உண்டு என்று வந்தது. அவள் போட்ட சத்தத்தில் அக்கா சமையலறையிலிருந்து ஓடிவந்தாள்.

ஆக, தம்பதியிடம் குறையில்லை, கேமிலும் குறையில்லை. குறை ‘மோட்ஸ்’ ஃபோல்டரில். அதில் நானூறுக்கும் மேல் கோப்புகள். ஒவ்வொன்றாகச் சோதித்தால் விடுமுறையே போய்விடும். வீட்டில் எங்கோ ஷார்ட் ஆனால் எலெக்ட்ரீஷியன் பாதி லைனைக் கழற்றிவிட்டு மீதியைப் பார்ப்பாரே, அந்த வழிதான் இதற்கும். கோப்புகளைச் சரிபாதியாகப் பிரித்து, ஒரு பாதியை மட்டும் உள்ளே வைத்துச் சோதிக்க வேண்டும். கோளாறு வந்தால் அந்தப் பாதியில் இருக்கிறது, வராவிட்டால் மற்றதில். மறுபடி அதைப் பாதியாக்க வேண்டும். நானூறு கோப்புகள் என்றாலும் ஒன்பது சுற்றுக்குள் குற்றவாளிக்கு வந்துவிடலாம். அதிலும் உடை, முடி, நாற்காலிக் கோப்புகளை ஒதுக்கிவைத்துவிட்டு ‘டிஎஸ்4ஸ்கிரிப்ட்’ என்று முடியும் கோப்புகளை முதலில் பார்த்தால் இன்னும் விரைவு. கேமின் நடத்தையைப் பெரிய அளவில் மாற்றக்கூடியவை பெரும்பாலும் அவைதான். அவற்றோடு வரும் ‘பேக்கேஜ்’ கோப்பையும் ஜோடியாகவே நகர்த்த வேண்டும். பிரித்தால் புதிதாக ஒரு கோளாறு முளைக்கும்.

கிடைத்தது ஒரு கர்ப்ப மோட். நிஜ வாழ்க்கையைப்போல் கருத்தடை, கருவுறுதலில் சிரமம், கருச்சிதைவு இவற்றையெல்லாம் கேமுக்குள் கொண்டுவருவதற்கென்றே ரசிகர்கள் எழுதும் வகையைச் சேர்ந்தது. பழைய குடும்பம் ஒன்றின் கதைக்காக அவளே போட்டது. அந்தக் குடும்பம் முடிந்துபோயிற்று. மோட் அப்படியே இருந்தது. அது பழுதாகிவிடவில்லை. எதற்காக எழுதப்பட்டதோ அதைச் சரியாகச் செய்துகொண்டிருந்தது. அதன் மெனுவில் ஒரு செட்டிங்கை மாற்றியதோடு வேலை முடிந்தது. மோட் போடுகிறவர்கள் ஒவ்வொன்றும் எதற்கு, எப்போது போட்டோம் என்று ஒரு நோட்டில் எழுதிவைத்துக்கொள்ள வேண்டும் என்று நான் விடாமல் சொல்வது இதனால்தான்.

பழுதான மோட்களும் உண்டு. கேம் அப்டேட் ஆகும்போது உள்கட்டமைப்பு மாறும். பழைய ஸ்கிரிப்ட் மோட் அதோடு ஒத்துப்போகாது. குழந்தைகள் சம்பந்தமான அப்டேட் என்றால் குழந்தை மோட்களில்தான் முதலில் அடி விழும்; 2023 மார்ச்சில் தவழும் பருவம் வந்தபோது அப்படி நிறைய உடைந்தன. இதை எதிர்பார்த்துத்தான் ஒவ்வொரு அப்டேட்டுக்குப் பிறகும் கேம் மோட்களைத் தானே அணைத்துவைக்கிறது. அவசரப்பட்டு அதே பழைய கோப்புகளோடு மறுபடி இயக்கிவிடாதீர்கள். எழுதியவர் புதுப் பதிப்பு விட்டிருக்கிறாரா என்று பார்த்துவிட்டு இயக்குங்கள். ஸ்கிரிப்ட் கோப்பை ஃபோல்டருக்குள் ஃபோல்டராக ஆழத்தில் வைத்தால் கேம் அதைப் படிக்கவே படிக்காது என்பதும் நினைவிருக்கட்டும். ‘மோட்ஸ்’க்குள் ஒரே ஒரு படிதான் இறங்கலாம்.

உங்கள் வீட்டில் குழந்தை பிறக்கிறது, ஊரில் மற்றவர்கள் வீட்டில் பிறக்கவில்லை என்றால் அது இன்னொரு செட்டிங். ‘சிம்ஸ் 3’இல் ஊர்க் கதை தானாக நகர்ந்தது. ‘சிம்ஸ் 4’இல் நீங்கள் பார்க்காத வீடுகளில் ஏழு வருடம் பெரிதாக எதுவும் நடக்கவில்லை, வயது மட்டும் ஏறி, ஆட்கள் இறந்துகொண்டிருந்தார்கள். 2021 நவம்பரில் ‘நெய்பர்ஹுட் ஸ்டோரீஸ்’ வந்தது. அதன் பின்னர் பக்கத்து வீட்டுக்காரர்கள் போன் செய்து, “நாங்க ஒரு குழந்தை பெத்துக்கலாமா?” என்று யோசனை கேட்கத் தொடங்கினார்கள். யார் வீட்டில் குழந்தை பிறக்கலாம், யார் தத்தெடுக்கலாம் என்று வீடு வீடாக அங்கே அனுமதி தரலாம், மறுக்கலாம். நீங்கள் முன்பு நடத்திவிட்டு விட்டுவந்த குடும்பங்களுக்கு இந்த அனுமதியைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

‘ஸ்டார்டூ வேலி’ விளையாடுகிறவர்களும் இதே கேள்வியைக் கேட்கிறார்கள். அங்கே பதில் முற்றிலும் வேறு. எரிக் பாரோன் என்ற ஒரே மனிதர் தனியாக உருவாக்கிய, 2016 பிப்ரவரியில் வெளியான பண்ணை விளையாட்டு அது. அதில் சொடுக்குவதற்கு எதுவுமில்லை, காத்திருக்க வேண்டும். வீட்டை இரண்டு முறை பெரிதாக்கியிருக்க வேண்டும், தொட்டில் இருக்க வேண்டும், கல்யாணமாகி ஏழு நாளாவது ஆகியிருக்க வேண்டும், துணையோடு பத்து இதயம் இருக்க வேண்டும். இவை எல்லாம் சேர்ந்த பிறகும், குழந்தை பெற்றுக்கொள்ளலாமா என்று துணை கேட்பதற்கு ஒவ்வோர் இரவும் 5 சதவீத வாய்ப்புத்தான். கணக்குப் போட்டுப் பாருங்கள்: 28 நாள் கொண்ட ஒரு பருவம் முழுக்க அந்தக் கேள்வி வராமலே போக ஏறக்குறைய 24 சதவீத வாய்ப்பு இருக்கிறது. நான்கு பேரில் ஒருவர் ஒரு முழுப் பருவம் வெறுமனே காத்திருப்பார். அவர் விளையாட்டில் எந்தக் கோளாறும் இல்லை.

இங்கே தேட வேண்டிய கோளாறுகள் மிகச் சில. வீட்டைத் திருத்தியபோது தொட்டிலை எடுத்துவிட்டீர்களா? எடுத்திருந்தால் அந்தக் கேள்வி வரவே வராது. பண்ணை வேலையில் மூழ்கித் துணையோடு பேசுவதை விட்டுவிட்டீர்களா? இதயம் பத்துக்குக் கீழே இறங்கியிருக்கும். சாக்கடைச் சுரங்கத்தில் இருக்கும் கிரோபஸைக் கூட அழைத்துவந்திருந்தால், அது உடன் தங்கும் நண்பன். அதோடு குழந்தை கிடையாது. இரண்டாவது குழந்தை வரவில்லை என்றால், முதல் குழந்தை தொட்டிலை விட்டு இறங்கி நடக்கும் வரை பொறுக்க வேண்டும். துணை கேட்டு, நீங்கள் சம்மதித்தபின் 14 நாளில் குழந்தை வந்துவிடும். ஒரே பாலினத் தம்பதி என்றால் அதே 14 நாளில் தத்துக் குழந்தை. மொத்தம் இரண்டு குழந்தைகள்; நடை பழகும் பருவத்தோடு வளர்ச்சி நின்றுவிடும். மூன்றாவதை எதிர்பார்த்துக் காத்திருக்கும் வாசகர்கள் இதோடு விட்டுவிடலாம்.

‘சிம்ஸ்’க்கு நான் சொன்ன வரிசையெல்லாம் பார்த்த பின்னும் தீராமல் எனக்கு எழுதுகிறவர்கள் தயவுசெய்து நான்கு விஷயங்களைக் குறிப்பிடுங்கள்: எந்தப் பாகம், கடைசி அப்டேட் எப்போது போட்டீர்கள், மோட் இல்லாமல் சோதித்தீர்களா, ‘டிரை ஃபார் பேபி’ தேர்வே வரவில்லையா அல்லது வந்தும் பலிக்கவில்லையா. இந்த நான்கும் இல்லாத கடிதத்துக்கு என்னால் உருப்படியாகப் பதில் சொல்ல முடியாது. எதையும் தொடும் முன் ‘சேவ்ஸ்’ ஃபோல்டரை நகலெடுத்து வைத்துவிடுங்கள். நகலெடுக்க மறந்தவர்களுக்கும் ஒரு வழி இருக்கிறது: ஒவ்வொரு சேவுக்கும் அதற்கு முந்தைய ஐந்து நிலைகளை ‘சிம்ஸ் 4’ தானே பத்திரப்படுத்தி வைத்திருக்கும், சேவ் பட்டியலில் உள்ள ‘ரெகவர்’ பொத்தான் வழியாக அவற்றை மீட்கலாம்.

(தொடரும்)